வேண்டாத இருநூற்றுப் பதின்மூன்று

ஆயர் ஈத்தாம், பினாங்கு
3 ஜூன் 2024

தம்பி யுகேந்திரனுக்கு,

இடது கையால் எழுதுகிறேன். கோழி கிளறியது மாதிரி இருக்கிறது என்று உன் மனைவி சுபாஷினியிடம் காட்டிச் சிரிக்காதே. பேச்சுப் பயிற்சி கொடுக்கிற மிஸ் தினமும் ஒரு பக்கம் எழுதச் சொல்லியிருக்கிறார். எழுதியதைக் கசக்கிக் குப்பையில் போடுவதைவிட உனக்குத் தபாலில் போட்டால் ஏதாவது பயன் இருக்கும் என்று தோன்றியது. போனில் பேச மாட்டேன். நாக்கு இன்னும் நான் சொன்னபடி கேட்பதில்லை. நான் ‘சோறு’ என்று சொன்னால் எதிர்வீட்டுச் சலேஹாவே இரண்டு தடவை என்னவென்று கேட்கிறாள். குடும்ப வாட்சப் குழுவிலிருந்து நான் ஏன் வெளியேறினேன் என்று உனக்குத் தெரியும். அதை இப்போது எழுதினால் பக்கம் போதாது.

விஷயத்துக்கு வருகிறேன். பக்கவாதம் வந்து மூன்றரை மாதம் ஆகிறது. செப்டம்பர் முடிவதற்குள் நான் தனியாகச் சமாளிப்பேன் என்று காட்டாவிட்டால், அக்டோபர் முதல் தேதி ஜொகூரில் நீ எனக்கு இடம் பிடித்து வைத்திருக்கும் அந்தப் பராமரிப்பு இல்லத்துக்கு வர வேண்டும் என்று சொல்லியிருக்கிறாய். நான் சரி என்று தலையாட்டினேன். அப்போது என்னால் வேறு எதையும் ஆட்ட முடியவில்லை.

பெரிய ஆஸ்பத்திரியில் கைப்பயிற்சி கொடுக்கும் ஐனா என்ற மலாய்ப் பெண், வீட்டில் பழைய கேம் பெட்டி இருக்கிறதா என்று கேட்டாள். கையை வீசி விளையாடுகிற மாதிரி. பந்தை உருட்டிக் கட்டைகளைச் சாய்க்கிற பௌலிங் விளையாடினால் தோள் இளகுமாம். நீ கல்யாணம் ஆகிப் போகும்போது விட்டுப் போன அந்த வெள்ளைப் பெட்டி நினைவுக்கு வந்தது. சலேஹா அலமாரி மேலிருந்து எடுத்துத் துடைத்து டிவியில் மாட்டிக் கொடுத்தாள். உயிரோடுதான் இருக்கிறது.

ஆனால் பக்கத்தில் மாட்டியிருக்கிற ஹார்ட் டிஸ்க்கில் நீ என்னத்தை ஏற்றி வைத்திருக்கிறாய்? எண்ணிப் பார்த்தேன், இருநூற்றுப் பதினான்கு கேம்கள். படம் படமாக வரிசையில் வருகிறது. ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளி பௌலிங்கிடம் போய்ச் சேர்வதற்குள் கை ஓய்ந்துவிடுகிறது. பிறகு எங்கே பந்தை வீசுவது? சலேஹா வந்து எடுத்துக் கொடுத்தால் விளையாடலாம். அவள் இல்லாமல் நானே எடுக்க வேண்டும் என்பதுதான் பிரச்சினையே.

வேண்டாத கேம்களை எப்படி அழிப்பது? சின்னப் பிள்ளைக்குச் சொல்வதைப் போல எழுது. ஆனால் சின்னப் பிள்ளையிடம் பேசுவதைப் போல எழுதாதே.

அக்கா,
குணவதி


ஜொகூர் பாரு
10 ஜூன் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

உன் போன் எப்போதும் அணைந்தே இருக்கிறது. வாரத்துக்கு நான்கு முறை சலேஹா அக்காவைக் கூப்பிட்டுத்தான் நீ எப்படி இருக்கிறாய் என்று தெரிந்துகொள்கிறேன். அதனால் கடிதம் வந்தது சந்தோஷம்தான், அதில் நீ என்னைத் திட்டியிருந்தாலும்.

அழிக்கிற முறை இதுதான். படத்தின் மேல் போய் ரிமோட்டின் பெரிய பட்டனை அழுத்து. அந்த கேம் திறந்து நிற்கும். கீழே ஒரு சக்கரப் படம் இருக்கும், அதை அழுத்து. வருகிற பட்டியலில் கடைசி வரிதான் அழிப்பது. அதை அழுத்தியதும், நிச்சயமாகவா என்று கேட்கும். ‘வேண்டாம்’ என்பதன் மேல்தான் முதலில் நிற்கும். இடப்பக்கம் தள்ளி ‘ஆம்’ கொடு. ஒவ்வொரு கேமுக்கும் இதே மாதிரி.

அதற்கு முன் ஒரு பூட்டு இருக்கிறது. நாலு எண் கேட்கும். 2011-ல் நான் இன்டர்வியூவுக்குப் போகாமல் விளையாடிக்கொண்டிருந்தேன் என்று நீ என் கேம் ஒன்றை அழித்தாயே, அன்றைக்குப் போட்ட பூட்டு. எண் 1911. உன் பிறந்த நாள், நவம்பர் பத்தொன்பது. பிறந்த நாளிலும் நீ ஓவர்டைமுக்குத்தான் போவாய். அதனால் உனக்கு அந்த எண் தோன்றவே தோன்றாது என்று வைத்தேன்.

பௌலிங்கைத் தவிர எல்லாவற்றையும் அழித்துவிடு. எனக்கு ஒன்றும் வேண்டாம். சூலியா தெருவில் ஒரு மாடிக்கடையில் பெட்டிக்குக் கம்பெனி போட்டிருந்த பூட்டை உடைத்து மொத்தமாக ஏற்றிக் கொடுத்தார்கள். பாதிக்கு மேல் நான் திறந்தே பார்த்ததில்லை.

இல்லத்தைப் பற்றி நீ நினைப்பது மாதிரி இல்லை, அக்கா. நீ பதினொன்றாம் மாடியில் இருக்கிறாய். லிஃப்ட் மாதத்துக்கு இரண்டு தடவை நின்றுவிடுகிறது. அங்கே தாதிகள் இருக்கிறார்கள், என் வீட்டிலிருந்து மோட்டார் சைக்கிளில் பத்து நிமிஷம். நான் காலை நாலரைக்கே சிங்கப்பூர் வேலைக்குக் கிளம்பிவிடுகிறேன், சுபாஷினிக்கும் வேலை. பினாங்கில் உனக்கு ஒன்று என்றால் எத்தனை மணி நேரத்தில் என்னால் வந்து சேர முடியும், நீயே சொல்.

தம்பி,
யுகேன்


ஆயர் ஈத்தாம்
17 ஜூன் 2024

தம்பிக்கு,

பூட்டுத் திறந்தது. மூன்று தடவை தவறாக அடித்தேன். பிறந்த நாள் மறந்ததால் அல்ல, கட்டை விரல் ஒன்பதைத் தேடிப் போய் ஆறில் விழுந்துவிடுகிறது. கேட்டால் கோபம் வரும், ஆனாலும் சொல்கிறேன். ரிமோட்டை வலது கையில்தான் பிடிக்கிறேன். ஐனா பட்டையால் மணிக்கட்டோடு கட்டிவிடச் சொல்லியிருக்கிறாள். பட்டனை வலது கட்டை விரலால்தான் அழுத்துகிறேன். முதல் நாள் ஒரே ஒரு கேம் அழிக்க இருபத்தைந்து நிமிஷம் ஆனது. அழித்து முடித்தபோது முதுகெல்லாம் வியர்வை. அழிந்தது ஏதோ குதிரைப் பந்தயம். போகட்டும் விடு.

இப்போது நாளுக்கு ஐந்து. துப்பாக்கி கேம்கள் எல்லாம் போய்விட்டன. மீன் பிடிக்கிற கேம் மட்டும் ஏழு இருந்தது. பட்டர்வொர்த் ஜெட்டிக்குப் போய் உட்கார்ந்தால் இலவசமாகப் பிடிக்கலாமே, எதற்கு ஏழு? ஜப்பான் எழுத்தில் பெயர் இருந்த நாற்பதையும் ஒருசேரக் குறித்து வைத்திருக்கிறேன். அழிப்பதற்கு முன் ஒவ்வொன்றையும் ஒரு நிமிஷம் திறந்து பார்க்கிறேன். யாரோ உட்கார்ந்து இரவும் பகலும் செய்திருப்பார்கள் இல்லையா. ஒரு தடவையாவது யாராவது பார்த்துவிட்டு அழிப்பது மரியாதை.

டிஸ்க்கைப் பற்றி நீ எனக்கு ஒன்றும் சொல்ல வேண்டாம். பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருஷம் இதே டிஸ்க்கைத்தான் செய்தேன். மைக்ராஸ்கோப்பில் கண் வைத்து, தலைமுடியைவிடச் சின்ன முனையை இந்த வலது கையால் பொருத்தியவள். ஓடிக்கொண்டிருக்கும்போது வயரைப் பிடுங்கக் கூடாது என்று சலேஹாவுக்கு நான்தான் சொல்லிக் கொடுத்தேன்.

அந்தக் கையைப் பார்த்துத்தான் நீ ஆஸ்பத்திரியில் தாதியிடம் சொன்னாய், “அக்காவால இனிமே ஒண்ணும் முடியாதுலா, சிஸ்டர். எல்லாம் ஆள்தான் பாக்கணும்.” என் கட்டில் ஓரத்தில் நின்றுகொண்டு சொன்னாய். எனக்கு நாக்குத்தான் போயிருந்தது, காது இரண்டும் நன்றாகவே கேட்டது. நீ சொன்னது ஒவ்வொன்றும் கேட்டது. அதற்கு மூன்று நாள் கழித்து இல்லத்தின் படிவத்தைக் கொண்டுவந்து என் விரலைப் பிடித்து மை வைத்தாய்.

என் மேல் உனக்கு அக்கறை இல்லை என்று நான் சொல்லவில்லை. என்னைக் கேட்கவில்லை என்று சொல்கிறேன்.

குணவதி


ஜொகூர் பாரு
25 ஜூன் 2024

அக்காவுக்கு,

நீ எழுதியதைச் சுபாஷினியிடம் காட்டவில்லை. இரண்டு நாள் சட்டைப் பையிலேயே வைத்திருந்தேன்.

உனக்குக் கேட்கிறது என்று எனக்குத் தெரியாது, அக்கா. நீ கண்ணை மூடியிருந்தாய். தெரிந்திருந்தால் அப்படிச் சொல்லியிருக்க மாட்டேன், அல்லது வெளியே போய்ச் சொல்லியிருப்பேன். இதை எழுதும்போதே இது நல்ல பதில் இல்லை என்று தெரிகிறது. வேறு மாதிரி எழுத வரவில்லை.

டாக்டர் அன்றைக்கு என்னிடம் சொன்னதை வைத்துத்தான் முடிவு எடுத்தேன். கையெழுத்து உடனே வேண்டும், இல்லாவிட்டால் இடம் போய்விடும் என்றார்கள். நீ தனியாக அந்த வீட்டில் விழுந்து கிடந்தால் என்ற நினைப்பு வந்தால் எனக்குத் தூக்கம் போய்விடுகிறது. நீ இதைச் சாக்கு என்று சொல்வாய்.

ஒரு யோசனை. இப்படி ஒவ்வொன்றாக அழித்தால் மாசக் கணக்கில் ஆகும். கம்ப்யூட்டரில் டிஸ்க்கை மாட்டினால் எல்லாவற்றையும் ஒரே தடவையில் அழித்துவிடலாம். சலேஹா அக்கா மகளிடம் லேப்டாப் இருக்கிறது அல்லவா? அஞ்சு நிமிஷ வேலை. அப்புறம் நீ பௌலிங்கை மட்டும் பார்த்துக்கொள்ளலாம்.

யுகேன்


ஆயர் ஈத்தாம்
20 ஜூலை 2024

தம்பிக்கு,

உன் அஞ்சு நிமிஷத்தை நீயே வைத்துக்கொள். உனக்கு இன்னும் புரியவில்லை. ஒரு கேமை அழிக்க கட்டை விரல் பத்துத் தடவைக்கு மேல் நகர வேண்டும். தள்ளு, அழுத்து, இறங்கு, அழுத்து, இடப்பக்கம் தள்ளு, அழுத்து. நாளுக்கு ஐந்து கேம் என்றால் ஐம்பது தடவை. ஆஸ்பத்திரியில் ஐனா களிமண் கொடுத்துப் பிசையச் சொன்னாள், நான் இரண்டு நாளில் சலித்து விட்டுவிட்டேன். இதில் சலிப்பு வரவில்லை. ஒவ்வொன்றும் போகப் போக, வரிசை குறைவது கண்ணுக்குத் தெரிகிறது. தொழிற்சாலையில் தட்டு காலியாகிற சந்தோஷம். போன வாரம் ஐனா என் கட்டை விரலை அசைத்துப் பார்த்துவிட்டு, “அக்கா, வீட்டில் என்ன செய்கிறீர்கள்?” என்று மலாயில் கேட்டாள். கேம் அழிக்கிறேன் என்றேன். அவளுக்கு விளங்கவில்லை. இரண்டாம் தடவை சொன்னேன், விளங்கியது, ஆனால் நம்பவில்லை.

நேற்று ஒரே நாளில் பதினொன்று. இன்னும் ஒன்பதுதான் இருக்கிறது, பௌலிங்கோடு சேர்த்து. டம்ளரைத் தூக்குகிறேன். பைப்பைத் திருகுகிறேன். ஆறாம் மாடி வரைக்கும் படியில் இறங்கி ஏறினேன், சலேஹா பின்னாலேயே வந்தாள், அவளுக்குத்தான் மூச்சு வாங்கியது.

உன் கடிதத்தில் இது நல்ல பதில் இல்லை என்று எழுதியிருந்தாய். அந்த ஒரு வரிக்காக உன் மேல் கோபம் கொஞ்சம் குறைந்திருக்கிறது. கொஞ்சம்தான்.

ஒரே கவலை, ஒன்பதும் தீர்ந்தால் எதை அழிப்பது?

குணவதி


ஆயர் ஈத்தாம்
8 ஆகஸ்ட் 2024

தம்பிக்கு,

நலம். பௌலிங் தினமும் போடுகிறேன். நேற்று நூற்று நாற்பத்திரண்டு. இன்றைக்கு நூற்று ஐம்பது. ஒரே வீச்சில் எல்லாக் கட்டையும் சாய்கிற ஸ்டிரைக் இரண்டு விழுந்தது. இப்போது வரிசையில் பௌலிங் மட்டும்தான் இருக்கிறது, பெட்டியைப் போட்டதும் நேரே வந்து நிற்கிறது. எல்லாம் நல்லபடியாக நடக்கிறது. நீ ஒன்றுக்கும் கவலைப்பட வேண்டாம்.

செப்டம்பர் நாலாம் தேதி ஆஸ்பத்திரியில் சோதனை. ஒன்பது வேலைகள் செய்து காட்ட வேண்டும். அதில் தேறினால் இல்லத்தின் பேச்சே இல்லை என்று நீ சொன்னதை மறக்காதே.

வெயில் அதிகம். வேறு விசேஷம் இல்லை.

குணவதி


ஜொகூர் பாரு
19 ஆகஸ்ட் 2024

அக்காவுக்கு,

போன சனிக்கிழமை சுபாஷினி அவள் தோழி கல்யாணத்துக்கு பினாங்கு வந்திருந்தாள். உன்னைப் பார்க்க மேலே வந்திருக்கிறாள். உன்னிடம் சொல்லாமல் வரச் சொன்னது நான்தான், அதற்கு என்னைத் திட்டு.

கதவு திறந்திருந்தது, கிரில் மட்டும் பூட்டியிருந்தது என்றாள். நீ டிவி முன்னால் நின்று ரிமோட்டை வீசிக்கொண்டிருந்தாயாம். வீசுகிறாய், நிற்கிறாய், பந்து போவதைப் பார்ப்பது மாதிரி பார்க்கிறாய், திரும்ப வீசுகிறாய். டிவி அணைந்திருந்தது. கருப்புத் திரை. சுபா பத்து நிமிஷம் கிரில்லுக்கு வெளியே நின்றிருக்கிறாள். நடுவில் நீ தலையை ஆட்டி ஏதோ எண்ணிக்கை சொன்னாயாம். அவளுக்குக் கூப்பிடப் பயமாகி, வாங்கி வந்த பழத்தைச் சலேஹா அக்கா வீட்டில் கொடுத்துவிட்டு இறங்கிவிட்டாள். சலேஹா அக்காவிடம் கேட்டதற்கு, “எனக்கு ஒண்ணும் தெரியாதுமா, அவங்களையே கேளுங்க” என்று உள்ளே போய்விட்டார்களாம்.

அவள் வந்து சொன்னபோது நான் உன் நூற்று ஐம்பது மார்க் எழுதிய கடிதத்தைக் கையில் வைத்திருந்தேன்.

அக்கா, டாக்டர் முன்பே சொல்லியிருக்கிறார், மூளையில் அடி பட்டவர்களுக்குச் சில மாதம் கழித்து நினைப்பு தடுமாறலாம் என்று. உன் தப்பு இல்லை. நான் இல்லத்தோடு பேசிவிட்டேன். அக்டோபர் வரை காத்திருக்க வேண்டாம், செப்டம்பர் எட்டாம் தேதியே இடம் தருகிறார்கள். ஏழாம் தேதி வேன் எடுத்துக்கொண்டு வருகிறேன். துணிமணி மட்டும் எடுத்து வை. மற்றதைப் பிறகு பார்க்கலாம்.

யுகேன்


ஆயர் ஈத்தாம்
23 ஆகஸ்ட் 2024

யுகேந்திரனுக்கு,

எனக்குப் பைத்தியம் பிடிக்கவில்லை. பொய் சொன்னேன். இரண்டுக்கும் வித்தியாசம் உண்டு.

நடந்தது இதுதான். ஜூலை கடைசியில் பௌலிங்கைத் தவிர எல்லாம் தீர்ந்துவிட்டது. கட்டை விரலுக்கு வேலை இல்லை. அழிப்பதற்காகவே இன்னும் நாலைந்து கேமை ஏற்ற முடியுமா என்று பார்க்க ஆசைப்பட்டேன். கம்ப்யூட்டரில் மாட்டலாம் என்று நீ எழுதியிருந்தாய் அல்லவா? டிஸ்க்கைத் தூக்கிக்கொண்டு சலேஹா வீட்டுக்குப் போனேன். அவள் மகளின் லேப்டாப்பில் மாட்டியதும் ஒரு பெட்டி வந்து நின்றது. சலேஹா படித்துவிட்டு, “ஃபார்மட் பண்ணவான்னு கேக்குதுலா. யெஸ்ஸா, நோவா?” என்றாள்.

நான் யெஸ் என்றேன். யோசிக்கவே இல்லை. எங்கள் தொழிற்சாலையில் ஃபார்மட் என்பதுதான் கடைசி மேஜை. கெட்ட டிஸ்க் அதுவரைக்கும் வராது, நடுவிலேயே குப்பைத் தொட்டிக்குப் போய்விடும். ஃபார்மட் மேஜைக்குப் போனால் தேறிவிட்டது என்று அர்த்தம், பச்சை ஸ்டிக்கர் ஒட்டிப் பெட்டியில் போடுவார்கள். இருபத்திரண்டு வருஷம் அந்தச் சொல்லைக் கேட்டால் எங்கள் வரிசைக்கே சந்தோஷம், அன்றைய கணக்கில் ஒன்று கூடும். டிஸ்க் நன்றாக இருக்கிறது என்று அந்த லேப்டாப் சொல்வதாகவே நினைத்தேன். உள்ளே ஒன்றும் இல்லாத புது டிஸ்க்கைத்தான் நாங்கள் ஃபார்மட் செய்தோம் என்பது எனக்குத் தோன்றவில்லை. இருந்ததையெல்லாம் அது துடைத்துவிட்டது, அரை நிமிஷத்தில் பௌலிங்கும் போய்விட்டது.

அன்றைக்கு அழுதேன். பக்கவாதம் வந்தபோதுகூட அப்படி அழவில்லை. தெரிந்த வேலையில் தப்புச் செய்துவிட்டேன் என்ற அவமானம். உன்னிடம் சொன்னால், பார்த்தாயா, உன்னால் முடியாது என்பாய். அதனால் சலேஹாவிடம் யாருக்கும் சொல்லாதே என்று கெஞ்சினேன். அவள் சொல்லவில்லை. அவளை ஒன்றும் கேட்காதே.

ஐனா ஒரு நாளைக்கு முப்பது தடவை வீசச் சொல்லியிருக்கிறாள். கேம் இல்லை என்பதற்காகத் தோள் காத்திருக்குமா? ரிமோட்டைக் கட்டிக்கொண்டு வீசினேன். எண்ணிக்கை சொன்னது முப்பதை எண்ணுவதற்கு. பந்து போவதைப் பார்த்தது, பார்க்காவிட்டால் தோள் பாதியில் நின்றுவிடுகிறது. மார்க் மட்டும் நானாகப் போட்டுக்கொண்டது, அதற்கு வெட்கப்படுகிறேன்.

உன் மனைவி பத்து நிமிஷம் நின்றாளே, ஒரு தடவை ‘அண்ணி’ என்று கூப்பிட்டிருந்தால் திறந்து டீ போட்டுக் கொடுத்திருப்பேன். வலது கையால். யாரும் என்னைக் கேட்பதில்லை. பார்க்கிறீர்கள், போய்விடுகிறீர்கள், பிறகு எங்கேயோ உட்கார்ந்து என்னைப் பற்றி முடிவு செய்கிறீர்கள்.

ஏழாம் தேதி வேன் எடுத்துக்கொண்டு வந்தால் கிரில்லைத் திறக்க மாட்டேன்.

குணவதி


ஜொகூர் பாரு
31 ஆகஸ்ட் 2024

அக்கா,

இன்று சுதந்திர தின விடுமுறை. காலையிலிருந்து நாலு தாளைக் கிழித்துவிட்டேன்.

கம்ப்யூட்டரில் மாட்டு என்று எழுதியவன் நான். அந்த டிஸ்க்கை கேம் பெட்டி மட்டும்தான் படிக்கும், கம்ப்யூட்டர் அதைக் காலி டிஸ்க் என்று நினைத்துக்கொண்டு ஃபார்மட் கேட்கும், ‘வேண்டாம்’ என்று கொடுக்க வேண்டும். இது எனக்கு 2011-லேயே தெரியும். எழுத மறந்துவிட்டேன். உன் வேலையைச் சீக்கிரம் முடித்துவிடப் பார்த்தேன், அவ்வளவுதான். தப்பு உன்னுடையது இல்லை.

இதைவிடப் பெரியது ஒன்று இருக்கிறது. அதைச் சொல்லாமல் இல்லம், தாதி, லிஃப்ட் என்று எழுதிக்கொண்டிருந்தேன்.

பிப்ரவரி இருபதாம் தேதி காலை ஐந்து நாற்பதுக்கு நீ எனக்குப் போன் செய்தாய். சிங்கப்பூர்ப் பாலத்தில், பாஸ்போர்ட் காட்டும் குடிநுழைவு வரிசையில் மோட்டாரில் நின்றுகொண்டிருந்தேன். எடுத்தேன். ஏதோ சத்தம் வந்தது, பேச்சு மாதிரியும் இல்லை. ஹலோ ஹலோ என்றேன். லைன் சரியில்லை என்று வைத்துவிட்டேன். திரும்பக் கூப்பிட்டாய். அதையும் எடுத்தேன், அதே சத்தம், அதையும் வைத்தேன். மூன்றாவதை எடுக்கவே இல்லை, பின்னால் இருந்தவன் ஹார்ன் அடித்தான். பதினொரு மணிக்குச் சலேஹா அக்கா என்னைக் கூப்பிட்டு, நீ அடுப்படியில் கிடந்ததைச் சொன்னார்கள். ஐந்து மணி நேரம், அக்கா. மூன்று மணி நேரத்துக்குள் கொண்டுவந்திருந்தால் கை இவ்வளவு மோசமாகியிருக்காது என்று டாக்டர் என் முகத்தைப் பார்த்துச் சொன்னார்.

முதல் அழைப்பு பதினேழு நொடி. போனில் இன்னும் இருக்கிறது, நான் அழிக்கவில்லை. சுபாஷினிக்குக்கூடத் தெரியாது. நீ தனியாக இருந்து மறுபடி என்னைக் கூப்பிட்டு, நான் மறுபடி புரிந்துகொள்ளாமல் வைத்துவிட்டால் என்ன செய்வது என்ற பயத்தில்தான் உன்னை இங்கே கொண்டுவரத் துடித்தேன். உன்னால் முடியாது என்று தாதியிடம் சொன்னேனே, என்னால் முடியவில்லை என்பதைத்தான் அப்படிச் சொன்னேன்.

வேன் வராது. இல்லத்தில் இடத்தை இன்னும் விடவில்லை. வைத்திருக்கட்டுமா, விட்டுவிடட்டுமா என்று உன்னைக் கேட்கிறேன். நீ எழுதுகிறபடி செய்கிறேன்.

மன்னித்துவிடு என்று எழுதக்கூட எனக்குத் தைரியம் இல்லை.

யுகேன்


ஆயர் ஈத்தாம்
6 செப்டம்பர் 2024

தம்பிக்கு,

சோதனை முடிந்தது. ஒன்பதில் ஆறு தேறினேன். டம்ளர், கரண்டி, சாவி, பைப், படி, துணி மடிப்பது சரி. ரவிக்கைக் கொக்கி, கத்தி, ஊசியில் நூல் கோர்ப்பது வரவில்லை. கொக்கி வராவிட்டால் நைட்டி போட்டுக்கொள்கிறேன். ஊசி நூலை ஐம்பது வயதில் நல்ல கை உள்ளவர்களே கண்ணாடி இல்லாமல் கோர்ப்பதில்லை. ஐனா தாளில் ‘வீட்டில் இருக்கலாம், தினம் ஒருவர் வந்து பார்க்க வேண்டும்’ என்று எழுதிக் கொடுத்தாள். அந்த ஒருவர் சலேஹா. அவளையும் கேட்டுவிட்டேன், சரி என்றாள்.

இடத்தை விட்டுவிடு. யாருக்காவது உண்மையாகத் தேவைப்படும். நான் இங்கேதான் இருப்பேன். இதற்கு உனக்கு நன்றி சொல்ல மாட்டேன். ஆனால் கேட்டாயே, அதற்குச் சொல்கிறேன்.

புது டிஸ்க் கிஸ்க் வாங்கித் தபாலில் அனுப்பிவிடாதே. தீபாவளிக்கு நீயே கொண்டுவா, சுபாஷினியையும் அழைத்துக்கொண்டு. பௌலிங் ஏற்று. கூடவே ஒரு நூறு வேண்டாத கேமும் ஏற்றிக்கொண்டு வா, எதுவாக இருந்தாலும் சரி. மீன் பிடிக்கிறது மட்டும் வேண்டாம்.

போன் விஷயம் எனக்குத் தெரியும். கூப்பிட்டவளுக்குத் தெரியாதா? நீ ஹலோ என்றது ஒவ்வொன்றும் கேட்டது. ஆஸ்பத்திரியில் பிறகு ஒரு நாள் எழுத்துப் பலகை கொடுத்து எப்போது விழுந்தீர்கள், யாரையாவது கூப்பிட்டீர்களா என்று கேட்டார்கள். இல்லை என்று காட்டினேன். நீ பக்கத்தில் நின்றிருந்தாய். அன்றைக்கு உன் முகம் போன போக்கைப் பார்த்து, அந்தச் சத்தம் நான்தான் என்று உனக்கும் தெரியும் என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. கோபம் இருந்தது, இல்லையென்று சொன்னால் அதுவும் பொய். கை போனதற்கு அல்ல. இவ்வளவு நாள் நீ அதைச் சொல்லாமல், நான் ஒன்றுக்கும் ஆகாதவள் என்ற மாதிரியே நடத்தினாயே, அதற்கு. இப்போது சொல்லிவிட்டாய். எனக்கு மனம் ஆறிவிட்டது. நீயும் அந்தப் பதினேழு நொடியை வைத்துக்கொண்டு உன்னை வதைத்துக்கொள்ளாதே.

இன்றைக்குப் போனைத் திறந்து சார்ஜ் போட்டிருக்கிறேன். பதினைந்தாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, காலை பத்து மணிக்கு உன்னைக் கூப்பிடுவேன். வரிசையில் நிற்காத நேரம் பார்த்துத்தான் சொல்கிறேன். முதலில் உன் பெயரைச் சொல்வேன். அது வாயிலிருந்து வெளியே வர எனக்கு மூன்று நொடி ஆகிறது, சில நாள் ஐந்து. கண்ணாடி முன்னால் நின்று பழகிக்கொண்டிருக்கிறேன். முதல் தடவை புரியாது. திரும்பச் சொல் என்று கேள், சொல்கிறேன். எத்தனை தடவை கேட்டாலும் சொல்கிறேன்.

நீ மட்டும் வைத்துவிடாதே.

அக்கா